வீட்டிற்குள் வந்த செவி

1989ஆம் ஆண்டு நான் உத்தியோகத்தின் பொருட்டுத் தில்லிக்கு வந்து சேர்ந்தேன். வந்த புதிதில் இந்த ஊரில் எனக்கு அகப்பட்ட சௌகரியங்கள் மிகச் சில. அவற்றுள் ஒன்றை இன்றும் நன்றியோடு நினைத்துக்கொள்கிறேன். நெரிசல் மிகுந்த பஸ்ஸிலே நின்றுகொண்டு, பக்கத்தில் நிற்கும் நண்பனிடம் எதை வேண்டுமானாலும் வாய்விட்டுப் பேசலாம். மேலதிகாரியின் சுபாவம், மாதக் கடைசியின் கஷ்டம், ஊரிலே தங்கைக்கு வரன் தட்டிப்போன கதை, எல்லாவற்றையும் தமிழிலே பேசலாம். சுற்றி நிற்கும் ஐம்பது பேரில் ஒருவருக்கும் அது விளங்காது. சென்னையிலோ மதுரையிலோ இருந்திருந்தால் குரலைத் தாழ்த்திப் பேசியிருக்க வேண்டிய செய்திகள் அவை. பகலில் பக்கம் பார்த்துப் பேசு, இரவில் அதுவும் பேசாதே என்று நம் பெரியோர் சொல்லி வைத்தார்கள். பிற மாநிலத்திற்கு வந்த தமிழனுக்கு அந்தப் பழமொழியிலிருந்து ஒருவகை விலக்குக் கிடைத்திருந்தது.

விலக்கு எப்பொழுதும் செல்லுபடியாகிவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஒருநாள் கரோல்பாக் செல்லும் பஸ்ஸில் நானும் நண்பரும் அலுவலகக் கணக்கர் ஒருவரைப் பற்றி விரிவாக விவாதித்துக்கொண்டு சென்றோம். முன் இருக்கையில் இருந்த சர்தார்ஜி ஒருவர் இறங்கும்போது திரும்பி, “அந்த ஆள் எல்லா ஆபீசிலும் இருக்கிறார் சார், மனசைத் தளர விடாதீங்க” என்று தமிழில் ஆறுதல் சொல்லிவிட்டுப் போனார்! ஆவடியில் பல ஆண்டு பணியாற்றியவராம். எங்களுக்கு வெட்கமாக இருந்தது; ஆனால் மிரட்சி ஏற்படவில்லை. கேட்டவர் எதிரில் நின்றார், கேட்டேன் என்று சொன்னார், சிரித்தார். அவர் முகம் எங்களுக்குத் தெரிந்தது. இன்று நான் பேச எடுத்துக்கொண்டிருப்பது முகம் தெரியாத செவிகளைப் பற்றி.

அந்நாளில் ஊருக்குப் பேச வேண்டுமானால் மஞ்சள் பலகை மாட்டிய எஸ்.டி.டி. கடைக்குப் போக வேண்டும். இரவு கட்டணம் குறையும் வரையில் காத்திருப்போம். கண்ணாடிக் கூண்டுக்குள் நின்று பேசுவோம். வெளியே பத்துப்பேர் வரிசையில் நின்று நம் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். அங்கேயும் தமிழ்தான் நமக்குத் திரை. என் தகப்பனாருக்கு முதல்முறை நெஞ்சுவலி கண்ட செய்தியை நான் அப்படி ஒரு கூண்டுக்குள் நின்றுதான் கேட்டேன். கடைக்காரர் மீதிச் சில்லறை கொடுக்கும்போது என் கண்ணைப் பார்த்துவிட்டு ஒன்றும் கேளாமல் இருந்தார். கேளாமல் இருப்பதும் ஒரு மரியாதைதான் என்று அன்று எனக்குத் தோன்றியது.

எனக்கு முந்திய தலைமுறையினர் ‘டிரங்க் கால்’ பதிவு செய்துவிட்டு மணிக்கணக்கில் காத்திருந்தவர்கள். அவர்களுடைய பேச்சு ஒரு தொலைபேசி நிலைய ஊழியரின் கையைக் கடந்துதான் சென்றது. மூன்று நிமிஷம் முடிந்ததென்று இடையிலே அவர் குரல் வரும்போதெல்லாம், அதுவரையில் அவரும் இருந்தார் என்பது நினைவுக்கு வரும். இந்த இடைக் காதை அகற்றுவதற்குத்தான் முதன்முதலில் தானியங்கி யந்திரம் வந்தது என்று சொன்னால் நேயர்கள் வியப்படையக்கூடும். அமெரிக்காவில் கான்சஸ் நகரத்தில் அல்மன் ஸ்ட்ரோஜர் என்பவர் இருந்தார். அவர் தொழில் பிணங்களை அடக்கம் செய்வது. அவருக்குப் போட்டியாக அதே தொழில் செய்தவரின் வீட்டுப் பெண்மணி தொலைபேசி நிலையத்தில் இணைப்பாளராக இருந்துகொண்டு, ஸ்ட்ரோஜருக்கு வரும் அழைப்புகளைத் தன் வீட்டாருக்கே திருப்பிவிட்டாள் என்று ஒரு கதை வழங்குகிறது. கதை எவ்வளவு மெய்யோ, அவர் கண்டுபிடித்த யந்திரம் மெய். 1891ஆம் ஆண்டு அதற்குக் காப்புரிமை பெற்றார். மறு ஆண்டு இண்டியானா மாநிலத்தில் லா போர்ட் என்ற ஊரில் அது வேலை செய்யத் தொடங்கியது. நம் நாட்டில் முதல் தானியங்கித் தொலைபேசி நிலையம் 1913-14இல் சிம்லாவில் அமைந்தது. ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்கு நேரே எண்ணைச் சுழற்றிப் பேசும் வசதி 1960இல் லக்னோவுக்கும் கான்பூருக்கும் இடையே ஏற்பட்டது.

ஆக, மனிதர் காதுக்கு அஞ்சித்தான் யந்திரத்தை அழைத்தோம். யந்திரத்திற்குக் காதில்லை, நாவில்லை, வம்பில்லை என்ற நம்பிக்கை அப்போது நியாயமானது. ஸ்ட்ரோஜரின் யந்திரம் எண்களை மட்டுமே அறிந்தது, பேச்சை அறியாது. அந்த நம்பிக்கை நம் மனத்தில் அப்படியே தங்கிவிட்டது. யந்திரமோ மாறிவிட்டது.

இந்தப் பேச்சை உங்களிடம் கொண்டுவந்து சேர்க்கும் வானொலியையே எடுத்துக்கொள்ளுங்கள். அதுவும் நடுக்கூடத்தில் வந்து அமர்ந்த யந்திரந்தான். ஆனால் அது பேசும், கேளாது. நான் சொல்வது சலிப்பூட்டினால் இந்தக் கணமே நீங்கள் திருகை மூடிவிடலாம். மூடியது எனக்குத் தெரியவே தெரியாது. வானொலிப் பெட்டி வைத்திருக்க உரிமச் சீட்டு வாங்க வேண்டியிருந்த காலம் ஒன்று உண்டு. வீட்டில் பெட்டி இருப்பதைத் தபால் நிலையம் அறியும். அந்தப் பெட்டி எதைப் பாடுகிறது என்பதை அறியாது. 1952இல் கேஸ்கர் அவர்கள் அமைச்சரான பின், அகில இந்திய வானொலியில் திரைப்படப் பாடல்கள் ஏறக்குறைய மறைந்து போயின. ஜனங்கள் என்ன செய்தார்கள்? முள்ளைச் சற்றே நகர்த்தி இலங்கை வானொலியைக் கேட்டார்கள். எந்தத் தெருவில் எத்தனை வீடுகள் முள்ளை நகர்த்தின என்று கணக்கெடுக்க ஒருவராலும் முடியவில்லை. 1957 அக்டோபரில் விவித பாரதி பிறந்து அந்தப் பாடல்கள் திரும்பி வந்தன. முள்ளை நகர்த்தியவர்களின் பெயர்ப்பட்டியல் எங்கும் இல்லை.

இன்றைய தொலைக்காட்சிப் பெட்டிக்கு அந்தப் பெருந்தன்மை கிடையாது. விஜியோ என்னும் அமெரிக்க நிறுவனம், ஒரு கோடியே பத்து லட்சம் பெட்டிகளில், திரையில் ஓடுவது இன்னது என்பதை நொடிக்கு நொடி குறித்துக்கொண்டு, அந்தக் குறிப்புகளை விலைக்கு விற்றது. வீட்டாரிடம் சம்மதம் கேட்கவில்லை. 2017 பிப்ரவரியில் அந்நாட்டு வணிக ஆணையத்திற்கும் நியூஜெர்ஸி மாநிலத்திற்கும் 22 லட்சம் டாலர் செலுத்தி வழக்கைத் தீர்த்துக்கொண்டது. அதற்கு இரண்டு ஆண்டு முன்பே சாம்சங் நிறுவனம், தன் பெட்டியின் எதிரே பேசும் சொந்த விஷயங்கள் பிறரிடம் போய்ச் சேரக்கூடும் என்று தன் விதிமுறைக் காகிதத்திலே எழுதியிருந்தது. அதை யாரோ ஒருவர் பொறுமையாகப் படித்துவிட்டபடியால் உலகமெங்கும் அமளி உண்டாயிற்று. விதிமுறைக் காகிதங்களைப் படிப்பவர்கள் இன்னும் சிலர் இருப்பது மனித குலத்தின் நல்லூழ்.

இனி, பேசும் பெட்டிக்கு வருவோம். ‘ஸ்மார்ட் ஸ்பீக்கர்’ என்று கடைகளில் விற்கிறார்களே, அது. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் விழித்துக்கொள்ளும்; பாட்டுப் போடும்; மணி சொல்லும்; விளக்கை அணைக்கும். பெயர் சொன்னால்தானே விழிக்கிறது, மற்ற நேரத்தில் உறங்குகிறது என்று நாம் எண்ணுகிறோம். உறங்குகிறவன் தன் பெயரை எப்படிக் கேட்பான்? அது எப்பொழுதும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறது. அறையில் எழும் ஒலியைச் சில விநாடிகளுக்குத் தன்னுள்ளேயே பிடித்துவைத்துத் தன் பெயரின் ஒலியோடு ஒப்பிட்டுப் பார்க்கிறது. பொருந்தவில்லையென்றால் அழித்துவிட்டு அடுத்த ஒலியைப் பிடிக்கிறது. பொருந்தினால், அல்லது பொருந்தியதாக எண்ணிக்கொண்டால், அதன் பிறகு வரும் பேச்சைத் தொலைதூரத்திலுள்ள கணிப்பொறிக் கூடத்திற்கு அனுப்புகிறது. சிக்கல் அந்த ‘எண்ணிக்கொண்டால்’ என்ற சொல்லிலேதான் இருக்கிறது.

2018 மே மாதம் அமெரிக்காவில் போர்ட்லண்டு நகரத்துக் குடும்பம் ஒன்றில் நிகழ்ந்தது இது. கணவனும் மனைவியும் வீட்டுத் தரைக்கு மரப்பலகை பதிப்பது பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். சிறிது நேரத்திற்குள் வேறோர் ஊரிலிருந்து, கணவனிடம் வேலை பார்க்கும் ஒருவர் பரபரப்போடு தொலைபேசியில் கூப்பிட்டார். உங்கள் யந்திரங்களை உடனே கழற்றிவிடுங்கள், நீங்கள் பேசிய பேச்சு எனக்கு வந்து சேர்ந்திருக்கிறது என்றார். அமேசான் நிறுவனம் பின்னர் தந்த விளக்கம் இது: பேச்சின் இடையே வந்த ஏதோ ஒரு சொல்லை ‘அலெக்ஸா’ என்று யந்திரம் கேட்டுக்கொண்டதாம். அடுத்து வந்த பேச்சைச் செய்தி அனுப்பு என்ற கட்டளையாகக் கொண்டதாம். யாருக்கு என்று யந்திரம் வினவியதாம். அப்போது காற்றில் வந்த பேச்சில் ஒரு பெயரைக் கண்டெடுத்து, சரிதானா என்றும் கேட்டு, சரி என்ற விடையையும் தானே பொறுக்கி எடுத்துக்கொண்டதாம். ஒவ்வொரு படியிலும் அது தன் கடமையைத்தான் செய்தது. திருட்டும் இல்லை, பகையும் இல்லை. தம்பதிகள் தரையைப் பற்றிப் பேசியதோடு போயிற்று. எதைப் பற்றியும் பேசியிருக்கலாம் அல்லவா?

யந்திரம் கேட்பதோடு விஷயம் நிற்பதுமில்லை. 2019 ஏப்ரலில் புளூம்பெர்க் செய்தி நிறுவனம் ஒன்றை வெளிப்படுத்தியது. யந்திரம் சரியாகப் புரிந்துகொண்டதா என்று சோதிப்பதற்காக, வீடுகளில் பதிவான ஒலித்துண்டுகளைக் கேட்டு எழுதும் ஊழியர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள் என்றும், ஒன்பது மணிநேரப் பணியில் ஒருவர் ஆயிரம் துண்டுகள் வரையில் கேட்கக்கூடும் என்றும் அது எழுதியது. அவர்கள் பணியாற்றும் இடங்களாகப் பாஸ்டன், கோஸ்டாரிகா, ருமேனியா ஆகியவற்றோடு நம் இந்தியாவையும் குறிப்பிட்டது. அதே ஆண்டில் கூகிள், ஆப்பிள் நிறுவனங்களின் குரல் உதவியாளர்களுக்குப் பின்னாலும் இவ்விதம் மனிதச் செவிகள் இருப்பது தெரியவந்தது. ஆப்பிள் நிறுவனம் மன்னிப்புக் கோரி, இனிச் சம்மதித்தவர் குரலை மட்டுமே கேட்போம் என்றது. டிரங்க் கால் இணைப்பாளரை ஸ்ட்ரோஜர் வாசல் வழியாக வெளியே அனுப்பினார். நூற்றிருபது ஆண்டுகளுக்கு மேல் சென்ற பிறகு அவர் கொல்லை வழியாக உள்ளே வந்து அமர்ந்துவிட்டார். அவர் நம் தேசத்தவராகவே இருக்கவும் கூடும். அந்தக் கண்ணாடிக் கூண்டுக்கு வெளியே நின்றவர்களைப் போலப் பிழைப்புக்காக அங்கே அமர்ந்திருப்பவராகவும் இருக்கக்கூடும். அவரைக் கோபித்துப் பயனில்லை.

தரையைத் தானே துடைக்கும் யந்திரத்திற்குக் கண் உண்டு என்பதும் இதைப் போன்றதே. ஐரோபாட் நிறுவனத்தின் சோதனை யந்திரங்கள் 2020இல் பல வீடுகளுக்குள் எடுத்த படங்களில், கழிப்பறையில் இருந்த ஒரு பெண்மணியின் படமும் இருந்தது. படத்தில் இது நாற்காலி, இது நாய் என்று பெயர் குறிக்கும் கூலி வேலைக்காக அந்தப் படங்கள் வெனிசூலா வரையில் சென்று, அங்கிருந்து வெளியே கசிந்தன. 2022 டிசம்பரில் பத்திரிகையில் வந்தபோதுதான் உலகம் அறிந்தது. சோதனைக்கு உடன்பட்டவர்கள்தாம் அவர்கள் என்று நிறுவனம் சொல்லிற்று. எதற்கு உடன்பட்டோம் என்பதை அந்தப் பெண்மணி அறிந்திருந்தாளா என்பது வேறு கேள்வி.

பிற மாநிலத்துத் தமிழருக்கு இதில் தனியாக ஒரு நஷ்டமும் உண்டு. 2011இல் கூகிளின் மொழிபெயர்ப்புப் பொறி தமிழைக் கற்றுக்கொண்டது. 2017இல் தமிழ் உட்பட எட்டு இந்திய மொழிகளைச் செவியால் கேட்டு எழுதவும் அந்நிறுவனத்தின் பொறி பழகிவிட்டது. கை நடுங்கும் முதியவர்களுக்கும், எழுத்துக் கூட்டத் தெரியாமல் இங்கேயே வளர்ந்துவிட்ட நம் பிள்ளைகளுக்கும் அது பேருதவி. அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். என் மகள் தன் பாட்டிக்குத் தமிழில் கடிதம் எழுதியது அந்தப் பொறியின் துணையால்தான். ஆனாலும் பஸ்ஸிலே நாம் கட்டிக்கொண்டிருந்த திரை அன்றோடு விழுந்தது. நம் பைக்குள்ளிருக்கும் கருவி அந்தச் சர்தார்ஜியைக் காட்டிலும் நன்றாகத் தமிழ் அறியும். இறங்கும்போது திரும்பிப் பார்த்துச் சிரிக்கவும் சிரிக்காது.

இவ்வளவும் அயலார் செய்தது. இனி நான் செய்ததைச் சொல்ல வேண்டும்.

2021ஆம் ஆண்டு என் தகப்பனார் காலமானார். கும்பகோணத்தை அடுத்த கிராமத்தில் தனியாக இருந்த தாயாரை, அவருக்கு விருப்பமில்லை என்று தெரிந்தும், தில்லிக்கு அழைத்து வந்தேன். நானும் மனைவியும் காலையில் அலுவலகம் சென்றால் திரும்ப இரவு ஏழாகும். மகள் படிப்புக்காகப் புனா சென்றுவிட்டாள். எழுபத்தெட்டு வயதில் சர்க்கரை நோயும் முழங்கால் வலியும் உள்ளவரைப் பகல் முழுவதும் தனியே விட்டுச் செல்ல மனம் ஒப்பவில்லை. நண்பர் ஒருவரின் யோசனைப்படி கூடத்து அலமாரியின் மேல் ஒரு காமிராவை வைத்தேன். உள்ளங்கையளவு பெட்டி, ஆள் நடந்தால் தலையைத் திருப்பித் தொடர்ந்து பார்க்கும், உடனே என் கைப்பேசியில் மணி அடித்துத் தெரிவிக்கும். ஒலியும் கேட்கும். தாயார் அதைப் பார்த்து, “இது என்னப்பா, ஆந்தை மாதிரி கழுத்தைத் திருப்புகிறதே?” என்றார். “உனக்குத் துணைக்கு, அம்மா” என்றேன்.

இரண்டு மாதம் எல்லாம் நன்றாகவே நடந்தது. பகல் உணவு உண்டாரா, மாத்திரை எடுத்துக்கொண்டாரா என்று பார்த்துக்கொள்வேன். பிறகு ஒருநாள் பிற்பகல் மணி அடித்தது. எடுத்துப் பார்த்தேன். தாயார் கூடத்துச் சுவரில் மாட்டியிருக்கும் என் தகப்பனார் படத்தின் எதிரே நின்றுகொண்டிருந்தார். உதடுகள் அசைந்தன. என்ன சொல்கிறார் என்று அறிய ஒலியைக் கூட்டினேன். அந்தப் பொத்தானை அழுத்தியிருக்க வேண்டாம். அவர் என் தகப்பனாரோடு பேசிக்கொண்டிருந்தார். நாள்தோறும் பேசுவது போல, இடையிலே பதிலுக்காகச் சற்று நிறுத்தி நிறுத்திப் பேசினார். இந்த ஊர்த் தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்றார். ஜன்னலைத் திறந்தால் சுவர்தான் தெரிகிறது என்றார். கொல்லை மாமரத்தைக் குத்தகைக்காரன் பார்த்துக்கொள்கிறானோ என்னவோ என்றார். “உன் பிள்ளையிடம் சொல்லக் கூடாது. சொன்னால் அவன் மனசு கஷ்டப்படும். இங்கேயே கண்ணை மூடிவிடுவேனோ என்றுதான் இருக்கிறது” என்றார்.

நான் அலுவலக மேஜையில் அமர்ந்து இதைக் கேட்டுக்கொண்டிருந்தேன். என்னிடம் சொல்லக் கூடாது என்று அவர் தீர்மானித்திருந்த ஒன்றை, அவர் தீர்மானத்தையும் சேர்த்துக் கேட்டேன்.

அன்றிரவு உணவின்போது, ஒன்றும் அறியாதவன் போல, “அம்மா, மாங்காய்க் காலத்தில் ஊருக்குப் போய் இரண்டு மாதம் இருந்துவிட்டு வரலாமா?” என்றேன். சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்த கை நின்றது. அவர் நிமிர்ந்து முதலில் என்னைப் பார்த்தார். பிறகு அலமாரியின் மேலே பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் காலையில் என் கைப்பேசியில் கூடம் தெரியவில்லை. ஒரு சிவப்புக் கரை போட்ட துண்டு தெரிந்தது. இரவு வீடு திரும்பியதும் நான் அந்தத் துண்டை எடுக்கவில்லை. அவர்தாம் எடுத்து, மடித்து வைத்து, “தூசு படுமே என்று போட்டேன்” என்றார். அதற்குப் பின் அவர் துண்டு போடவில்லை; படத்தின் எதிரே நிற்கவுமில்லை. கூடத்திற்கு வருவதையே குறைத்துக்கொண்டார். யந்திரம் தன் வேலையைச் செவ்வனே செய்துகொண்டிருந்தது. பார்ப்பதற்குத்தான் ஒன்றும் இல்லை.

நான் அந்த நிறுவனத்தைக் குறை கூற முடியாது. கடவுச்சொல் திருடுபோகவில்லை; படம் வெனிசூலாவுக்குச் செல்லவில்லை. வேவு பார்த்தவன் பெற்ற பிள்ளை. இந்த யந்திரங்களைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் பெரிய நிறுவனங்களையும் அரசாங்கத்தையும் பற்றியே பேசுகிறார்கள். பேச வேண்டியதுதான். ஆனால் அன்பு என்ற பெயரைச் சொல்லிக்கொண்டு வரும் கண்ணுக்கு எந்தத் தாயும் எந்தச் சட்டத்தைக் காட்டித் தடை சொல்ல முடியும்? வீட்டு வேலைக்கு வரும் பெண்மணியின் நிலையும் அத்தகையதே. அவளை யாரும் கேட்டுக்கொண்டு காமிரா மாட்டுவதில்லை. நகரங்களில் அடுக்குமாடிக் குடியிருப்புகளின் வாசலில் இப்பொழுது செயலிகள் வந்திருக்கின்றன. அவள் எத்தனை மணிக்கு வந்தாள், எத்தனை மணிக்குச் சென்றாள், எந்தெந்த வீட்டில் வேலை செய்கிறாள் என்பதெல்லாம் சில செயலிகளில் குடியிருப்போர் அனைவர் கையிலும் விரியும். அவள் கையில் நம்மைப் பற்றிய பட்டியல் எதுவும் கிடையாது.

சட்டம் என்ன சொல்கிறது என்பதையும் சுருக்கமாகக் கூறிவிடுகிறேன். உத்தரப் பிரதேசத்தில் கரக் சிங் என்பவர் 1941இல் ஒரு கொள்ளை வழக்கில் பிடிபட்டு, சாட்சியம் இல்லாமையால் விடுவிக்கப்பட்டார். எனினும் போலீசார் அவர் பெயரில் ஓர் ஏடு திறந்து, இரவிலே வந்து கதவைத் தட்டி எழுப்பி, இருக்கிறாரா என்று பார்த்துச் சென்றார்கள். 1962 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த இரவு வருகைகள் செல்லா என்று தீர்ப்பளித்தது. பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் சென்னையிலிருந்து சென்ற நீதிபதி ராஜகோபால ஐயங்கார். உறக்கத்தைக் கெடுக்கக் கூடாது என்ற அவர், தொலைவிலிருந்து கவனிப்பதைத் தடுக்க வில்லை. அந்தரங்கம் என்பது அரசியல் சட்டம் உறுதியளித்த உரிமையன்று என்றும் எழுதினார். நீதிபதி சுப்பா ராவ் அதற்கு உடன்படவில்லை. மனிதன் தன் சுதந்திரத்தை அனுபவிக்க அந்தரங்கமும் வேண்டும் என்று அவர் தனியே எழுதி வைத்தார். 1994இல் தமிழ்நாட்டுப் பத்திரிகையான நக்கீரன் சம்பந்தப்பட்ட வழக்கில், தனித்து விடப்படும் உரிமையை நீதிமன்றம் ஏற்றுப் பேசியது. முடிவாக, 2017 ஆகஸ்டு 24ஆம் தேதி ஒன்பது நீதிபதிகள் ஒரே மனதாக, அந்தரங்கம் அடிப்படை உரிமையே என்றார்கள். வழக்கைத் தொடுத்தவர் கர்நாடகத்தின் ஓய்வு பெற்ற நீதிபதி புட்டசாமி. ஐம்பத்தைந்து ஆண்டுகளுக்குப் பின் சுப்பா ராவின் சொல் வென்றது. தனிநபர் தகவல்களைக் காக்கும் சட்டம் 2023இல் இயற்றப்பட்டு, அதன் விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின. நிறுவனங்களின் முக்கியக் கடமைகள் அதிலிருந்து பதினெட்டு மாதங்கள் கழித்து நடைமுறைக்கு வருமாறு வகுக்கப்பட்டன.

இதைப் படிக்கையில் எனக்கு ஒன்று தோன்றுவதுண்டு. கரக் சிங்கின் கதவைத் தட்டிய போலீஸ்காரர் ஒரு வகையில் நாணயமானவர். தட்டினார், உறக்கம் கலைந்தது, கலைந்ததால் கரக் சிங் வழக்குத் தொடுக்க முடிந்தது. தட்டாமல் வருகிறவனை எந்த நீதிமன்றத்திற்கு இழுப்பது?

சட்டம் வரும் வரையில் நம் கையில் இருப்பவை சில உண்டு. பேசும் பெட்டியின் தலையில் ஒலியை அடைக்கும் பொத்தான் இருக்கிறது. விருந்தினர் வந்தால் அதை அழுத்திவிட்டு அழுத்தியதைச் சொல்லுங்கள். பதிவான குரல்களைப் பட்டியலிட்டுக் காட்டி அழிக்கும் வசதி பெரும்பாலான கருவிகளில் உண்டு. ஒருமுறையேனும் அந்தப் பட்டியலைத் திறந்து பாருங்கள். உங்கள் வீட்டுச் சண்டையின் ஒரு துண்டு அங்கே இருந்தால் வியப்படையாதீர்கள். தொலைக்காட்சியின் அமைப்புப் பக்கத்தில், பார்ப்பதைக் கணிக்கும் ஏற்பாட்டை நிறுத்தலாம். காமிரா வாங்கினால் கடையில் கொடுத்த கடவுச்சொல்லை அன்றே மாற்றுங்கள். அதன் முகத்தை வாசலுக்குத் திருப்பி வையுங்கள், கட்டிலுக்கன்று. வேலைக்கு வருபவரிடம் அது இருப்பதைச் சொல்லுங்கள். முதியவர்களிடம் கேளுங்கள். நான் சொன்னேன், கேட்கவில்லை.

காமிராவை நான் கழற்றியது அந்தத் துண்டு நிகழ்ச்சிக்கு மூன்று வாரம் கழித்து. முன்னதாகவே கழற்றியிருக்கலாம், தாயார் கீழே விழுந்துவிட்டால் என்ற அச்சம் விடவில்லை. அந்த அச்சம் பொய்யும் அன்று. கீழ்த்தளத்தில் ஒரு வங்காளி அம்மையார் இருக்கிறார், கணவரை இழந்தவர், அவரும் பகலெல்லாம் தனியே. அவரிடம் போய் விஷயத்தைச் சொன்னேன். காலை பதினோரு மணிக்கும் மாலை நான்கு மணிக்கும் அவர் மேலே வந்து கதவைத் தட்டுகிறார். இவருக்கு வங்காளமும் தெரியாது, இந்தியும் தெரியாது. அவருக்குத் தமிழ் தெரியாது. இருவரும் என்ன பேசிக்கொள்கிறார்களோ, ஒரு மணி நேரம் பேசுகிறார்கள். அந்த ஆண்டு மாங்காய்க் காலத்தில் தாயார் ஊருக்கும் போய் வந்தார். குத்தகைக்காரன் மரத்தை நன்றாகவே வைத்திருந்தானாம்.

அலமாரியின் மேல் காமிரா இருந்த இடத்தில் இப்பொழுது ஊறுகாய் ஜாடி இருக்கிறது. பகல் நேரத்தில் தாயார் மறுபடியும் என் தகப்பனார் படத்தின் எதிரே நின்று பேசுகிறாரா என்பது எனக்குத் தெரியாது. நான் கேட்டதுமில்லை.